வோல்டர் டல் ஓடிய திடல்

கிழக்கு லண்டனில் ஃபொரஸ்ட் கேட், அப்டன் லேன் வீதியோரமாக ஒரு பழைய உதைபந்தாட்டத் திடல் இருக்கிறது. ஓல்ட் ஸ்பொட்டட் டோக் என்று அதற்குப் பெயர். தொண்ணூறுகளில் பெற்றோல் நிலையத்தில் இரவு வேலை முடித்து, விடியற்காலையில் அந்த மதிலோரமாகத்தான் ஈஸ்ட் ஹாமுக்கு நடந்து வருவேன். பஸ் காசு மிச்சம். மதிலுக்கு அந்தப் பக்கம் என்ன இருக்கிறதென்று ஒருநாளும் எட்டிப் பார்த்ததில்லை. நித்திரை கண்ணைக் கட்டும் நேரம் அது.

பல வருடம் கழித்து மகன் பள்ளிக்கூடத்திலிருந்து ஒரு தாள் கொண்டு வந்தான். இரண்டு படங்கள். ஒன்றில் டொட்டன்ஹாம் சட்டை போட்ட கறுப்பின இளைஞன். மற்றதில் அதே முகம், இராணுவ அதிகாரியின் உடுப்பில். "அப்பா, இவர் எங்கட பக்கத்து கிரவுண்ட்ல விளையாடினவராம்" என்றான். அன்றைக்குத்தான் வோல்டர் டல் என்ற பெயரை நான் முதன்முதலாகக் கேட்டேன்.

1888இல் ஃபோக்ஸ்டனில் பிறந்தவர். தந்தை டானியல், பார்படோஸிலிருந்து வந்த தச்சர். தந்தையின் தந்தை அங்கே அடிமையாக வாழ்ந்தவர். தாய் அலிஸ், கென்ட் பகுதிப் பெண். ஏழு வயதில் தாயை இழந்தார். அடுத்த இரண்டு வருடத்தில் தந்தையும் போய்விட்டார். சிற்றன்னையால் எல்லாப் பிள்ளைகளையும் வைத்துச் சோறு போட முடியவில்லை. வோல்டரும் அண்ணன் எட்வர்டும் பெத்னல் கிறீனில் மெதடிஸ்ட் சபை நடத்திய அநாதை இல்லத்துக்கு அனுப்பப்பட்டார்கள். பிறகு எட்வர்டை ஸ்கொட்லாந்துக் குடும்பமொன்று தத்தெடுத்தது. அவர் படித்துப் பல் மருத்துவரானார். தம்பி இல்லத்திலேயே தங்கினார். அச்சு வேலை பழகினார், இல்லத்து அணியில் பந்து விளையாடினார். தாய் தகப்பனை இழந்தபின் கூடப்பிறந்தவனையும் பிரிந்திருப்பது என்னவென்று போரில் சிதறிய எங்கள் குடும்பங்களுக்கு யாரும் விளக்கத் தேவையில்லை.

1908இல் கிளப்டன் கழகம் அவரைச் சேர்த்துக்கொண்டது. அந்தக் கழகத்தின் திடல்தான் நான் நடந்துபோன அந்த மதிலுக்குப் பின்னால் இருந்தது. சம்பளம் இல்லாத ஆட்டம். அந்த ஒரே பருவத்தில் கிளப்டன் மூன்று கிண்ணங்களை வென்றது. அடுத்த வருடமே டொட்டன்ஹாம் கூப்பிட்டது. ஆர்ஜென்டினாவுக்கும் உருகுவேக்கும் அணியோடு கப்பலில் போய்வந்தார். ஒப்பந்தம் போட 10 பவுண், கிழமைக்கு 4 பவுண் சம்பளம். அன்றைய விதிப்படி யாருக்கும் அதற்கு மேல் கொடுக்க முடியாது. அப்படியொரு சம்பள உச்சவரம்பு 1961 வரை நீடித்தது. இன்றைய ஆட்டக்காரரின் கிழமைச் சம்பளத்துக்கு ஊரில் காணியோடு வீடே வாங்கலாம். சம்பளம் மாறியதை இவ்வளவோடு விடுகிறேன். மாறாததைத்தான் எழுத வேண்டும்.

1909 ஒக்டோபரில் பிரிஸ்டலில் ஓர் ஆட்டம். பார்வையாளரில் ஒரு கூட்டம் டல்லின் நிறத்தைச் சொல்லித் தூஷண வார்த்தைகளால் திட்டித் தீர்த்தது. ஆட்டத்தைப் பார்த்து எழுதிய பத்திரிகையாளர் ஒருவரே வெட்கப்பட்டு எழுதுகிற அளவுக்கு. எல்லா வெள்ளை ஆட்டக்காரருக்கும் டல் ஒரு முன்மாதிரி என்று அவர் தெளிவாகப் பதிந்து வைத்தார். ஆனால் அந்தப் பருவத்திலேயே டல் முதல் அணியிலிருந்து இறக்கப்பட்டார். டொட்டன்ஹாமுக்காக அவர் ஆடிய லீக் ஆட்டங்கள் 10, போட்ட கோல்கள் 2.

அந்தப் பத்திரிகையாளர் எழுதியதைப் படித்தபோது எனக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை ஞாபகம் வந்தது. ஊர்க்காரர் பதினொரு பேர் சேர்ந்து ஒரு பூங்காவில் ஆடப் போயிருந்தோம். முழங்கால் வரை சேறு. கோட்டோரம் நின்ற ஒரு வயதான மனிதர் நான் பந்தைத் தொடும்போதெல்லாம் நிறத்தைப் பழிக்கும் அந்தச் சொல்லைச் சொன்னார். கோபத்தோடு சொல்லவில்லை, பழக்கத்தில் சொன்னார். அதுதான் கூடுதலாகச் சுட்டது. "விடு மச்சான், பந்தைப் பார்" என்றான் பக்கத்தில் நின்றவன். அன்றைக்குப் பிறகு அந்தப் பக்கம் நான் விளையாடப் போகவில்லை. டல் போனார். 1911இல் ஹேர்பேர்ட் சப்மன் பயிற்றுவித்த நோர்தம்டன் அணிக்கு மாறி 111 ஆட்டங்கள் ஆடினார்.

2021 யூலையில் வெம்பிளியில் நடந்த ஐரோப்பியக் கிண்ண இறுதியாட்டத்தில் பெனால்டி தவறவிட்ட இங்கிலாந்தின் மூன்று கறுப்பின இளைஞர்களுக்கு அன்றிரவே கைபேசி வழியாக வந்து விழுந்த வார்த்தைகளை என் மகன் வாசித்துக் காட்டினான். பிரிஸ்டலில் கத்தியவர்கள் ஆளோடு நின்று கத்தினார்கள். இப்போது முகமும் தெரியாது, பெயரும் தெரியாது.

டல்லின் காலத்தில் முதலாம் உலகப் போர் வந்தது. உதைபந்தாட்டக்காரர்களுக்கென்றே மிடில்செக்ஸ் படைப்பிரிவில் 17ஆவது பட்டாலியன் தொடங்கப்பட்டது. 1914 டிசம்பரிலேயே டல் பெயர் கொடுத்துவிட்டார். முதலில் சனிக்கிழமைகளில் கழகத்துக்காக ஆட விடுமுறை கிடைத்தது. பிறகு பிரான்ஸின் பதுங்குகுழிகள். செல்லடியில் மனம் கலங்கி 1916இல் இங்கிலாந்துக்கு அனுப்பப்பட்டார். தேறி மறுபடி போய் சோம் போர்முனையில் நின்றார். அகழிக் காய்ச்சல் திருப்பி அனுப்பியது. இந்த முறை அவரை ஸ்கொட்லாந்தில் அதிகாரிப் பயிற்சிக்கு எடுத்தார்கள். ஐரோப்பிய வம்சத்தவரல்லாதவர் அதிகாரியாவதைத் தடுக்கும் விதி படைச் சட்டப் புத்தகத்தில் இருந்தும், 1917 மே மாதம் வோல்டர் டல் இரண்டாம் லெப்டினன் ஆனார். பிரித்தானியப் படையில் அப்படி அதிகாரியான முதல் கறுப்பினத்தவர்களில் அவர் ஒருவர்.

அதே டொட்டன்ஹாமுக்கு ஆடிய சொன் ஹியுங் மின் 2020இல் தென்கொரியாவின் ஜேஜு தீவில் மூன்று கிழமை மட்டும் மரைன் படையினரோடு பயிற்சி எடுத்துத் திரும்பினார். 2018 ஆசிய விளையாட்டுத் தங்கம் நீண்ட கட்டாயச் சேவையிலிருந்து அவருக்கு விலக்கு வாங்கித் தந்திருந்தது. ஆட்டத்திறமை ஓர் இளைஞனைப் போரிலிருந்து தள்ளி வைப்பது நல்ல காரியம். டல்லின் காலத்தில் ஆட்டத்திறமைதான் ஆட்சேர்ப்பு விளம்பரமாக இருந்தது.

இத்தாலி, பியாவே ஆறு, 1918 புத்தாண்டு. கடுங்குளிர் இரவு. வேகமான நீரோட்டம். டல் 26 பேரைக் கூட்டிக்கொண்டு எதிரியின் கரைக்குப் போனார், அத்தனை பேரையும் காயமில்லாமல் திருப்பிக் கொண்டுவந்தார். மேஜர் ஜெனரல் லோஃபர்ட் அவருடைய துணிவையும் நிதானத்தையும் எழுத்தில் பாராட்டினார். திடலில் பந்தை அவசரப்படாமல் வைத்திருப்பார் என்று பேர் எடுத்தவர்தானே.

மூன்று மாதம்கூட ஆகவில்லை. மார்ச் 25, பிரான்ஸின் ஃபவ்ரோய் ஊருக்கு அருகே பின்வாங்கும் சண்டையில் சுடப்பட்டு விழுந்தார். வயது 29. லெஸ்டர் ஃபொஸ் அணியின் முன்னாள் கோல் காப்பாளர் ரொம் பில்லிங்ஹாம், சூடு விழுந்துகொண்டிருக்கும்போதே அவரை இழுத்து வரப் பார்த்தார். முடியவில்லை. உடல் கிடைக்கவேயில்லை. பிரிஸ்டலின் கூச்சலை நினைக்கும்போதெல்லாம் நான் பில்லிங்ஹாமையும் சேர்த்து நினைத்துக்கொள்கிறேன். இல்லாவிட்டால் கணக்கு சரிவராது.

மிலிட்டரி குறோஸ் பதக்கத்துக்கு அவர் பரிந்துரைக்கப்பட்டதாக உடன் அதிகாரி எட்வர்டுக்குக் கடிதம் எழுதினார். பதக்கம் வரவில்லை. இப்போது நோர்தம்டன் திடலருகே நினைவுச்சின்னம் உண்டு, அவர் பெயரில் தெரு உண்டு, நாணயம் வந்தது, முத்திரை வந்தது. பதக்கம் மட்டும் இல்லை. இத்தனை காலம் கழித்துக் கொடுக்கும் வழக்கமில்லை என்கிறது அரசு. அவருடைய உயிர் தேவைப்பட்டபோது விதியை ஒதுக்கி வைத்த நாடு, மரியாதை கேட்கும்போது விதியை எடுத்துக் காட்டக்கூடாது. இது அநீதி. சின்னமும் நாணயமும் இதை ஈடுசெய்யாது.

ஓல்ட் ஸ்பொட்டட் டோக் திடலை 2020இல் ரசிகர்களே நடத்தும் கழகமொன்று விலைக்கு வாங்கிக் காப்பாற்றியிருக்கிறது. ஈஸ்ட் ஹாம், இல்ஃபோர்ட் பக்கம் இருக்கிற எங்கள் ஆட்கள் பிள்ளைகளை ஒருமுறை அங்கே கூட்டிப் போங்கள். விடுமுறைக்கு பாரிஸ் உறவினர் வீட்டுக்குக் காரில் போகிறவர்கள் கலேயிலிருந்து இறங்கும் பாதையில்தான் ஆராஸ் இருக்கிறது. அங்குள்ள நினைவுச் சுவரில் கல்லறை கிடைக்காத ஏறக்குறைய 35,000 பேரின் பெயர்கள். டல்லின் பெயர் ஏழாவது பகுதியில் இருக்கிறது.