ஆச்சிக்கு என்ன வயது?

ஐயா, எங்கட வீட்டிலை ஆச்சி எண்டால் கிழவி. நடிகை மனோரமாவை ஏன் இளவயசிலையே ஆச்சி எண்டவை?
*(வாசகி, இறுப்பிட்டி)*

பிறந்தது மன்னார்குடி, வளர்ந்தது காரைக்குடிப் பக்கம் பள்ளத்தூர். செட்டிநாட்டில் ஆச்சி என்பது மரியாதை; நரைக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. உங்கள் ஊரில் வளர்ந்திருந்தால் பேரப்பிள்ளைகள் எங்கே என்று கேட்டிருப்பீர்கள்!

தமிழுக்கு முதல் சிங்களப் படத்தில் நடித்தவவாமே?

ஓம், நாயகியின் தோழியாக. கண்ணதாசனின் 'மாலையிட்ட மங்கை' (1958) அதற்குப் பிறகுதான். நாம் அவரைத் தேடிக் கடல் கடக்க முன்னமே, அவர் முகம் இந்தப் பக்கம் வந்துவிட்டது.

பாவம், கடைசிவரை கதாநாயகி ஆகவில்லையே?

ஏன் இல்லை? 1963, 'கொஞ்சும் குமரி'. பிறகு பழைய இடத்துக்கே திரும்பி ஆயிரம் படங்களைத் தாண்டினார். இத்தனைக்குள் எத்தனை கதாநாயகிகள் வந்துபோனார்கள், எண்ணிச் சொல்லுங்கள் பார்ப்போம்.

சிவாஜி, பத்மினி நிற்கும் இடத்தில் துணை நடிகைக்கு என்ன வேலை?

'தில்லானா மோகனாம்பாள்' (1968) பாருங்கள். ஊரே மெய்ம்மறக்கும் நாதஸ்வர வித்துவான் சிவாஜியிடம், இந்தச் சத்தம் உங்கள் நாயனத்தில் மட்டும்தான் வருமா, எல்லா நாயனத்திலும் வருமா என்று வெள்ளந்தியாகக் கேட்பார் ஜில் ஜில் ரமாமணியாக வரும் மனோரமா. அந்த நேரம் அவர் முகத்தைப் பாருங்கள், சிவாஜியின் முகத்தை. அதுதான் வேலை.

தேசிய விருது கிடைத்ததா?

'புதிய பாதை'க்கு (1989). எதற்கென்றா? சிறந்த துணை நடிகை!