கொள்ளையடித்தது புத்தகம்!

கேள்வி: புத்தகம் உயிரைக் காப்பாற்றும் என்கிறார்களே, நிஜமா?

பதில்: புனித போனிபாஸைக் கேட்டால் உதட்டைப் பிதுக்குவார். இங்கிலாந்தில் பிறந்த துறவி. ஜெர்மானியரிடம் மறைபரப்பப் போனவர். கெய்ஸ்மரில் ஊரே கும்பிட்ட ஓக் மரத்தை வெட்டிச் சாய்த்து, அந்த மரத்திலேயே சிற்றாலயம் கட்டினார். (துணிச்சல்தான். மரத்தைக் கேட்டால் வேறு மாதிரி சொல்லும்!)

எழுபதைத் தாண்டியும் ஓயவில்லை, இன்றைய நெதர்லாந்துப் பக்கமிருந்த ப்ரீசியாவுக்குக் கிளம்பினார். 754 ஜூன் 5, அங்கே டொக்கும் என்ற ஊருக்கு அருகே ஆயுதக் கும்பல் பாய்ந்தது. அவரையும் உடனிருந்தவர்களையும் வெட்டிவிட்டு, தங்கம் இருக்கும் என்று பெட்டிகளை உடைத்தால்... அத்தனையும் புத்தகம்! வெறுத்துப்போய் வயலிலும் சதுப்பிலும் வீசி எறிந்தார்களாம்.

வாள் இறங்கியபோது கையிலிருந்த நூலைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்தார் என்பது மரபு. அந்த நூல் என்று ஜெர்மனியின் ஃபுல்டாவில் ஒரு பழைய சுவடியைக் காட்டுகிறார்கள். ஏடுகளில் ஆழமான வெட்டு. அதே வாள்தானா? பக்தர்கள் கேட்பதில்லை; ஆய்வாளர்கள் விடுவதில்லை.

அவர் கல்லறையும் ஃபுல்டா பேராலயத்தில்தான். ஓவியங்களில் பெரும்பாலும் வாள் குத்திய புத்தகத்தோடு நிற்கிறார்.