அம்பாசிடர் பழுதுநூல்: மூலபாட ஆராய்ச்சிக்கு ஒரு முன்னுரை

பழுதுநூல் என்பது, ஒரு வாகனத்தைத் திருகு திருகாகக் கழற்றுவதற்கும் கழற்றியதை மீண்டும் பூட்டுவதற்கும் வழிகூறும் அச்சு நூலாகும். பூட்டும் இயல் தொலைந்து கழற்றும் இயல் மட்டும் எஞ்சிய பிரதிகளும் அப்பெயராலேயே கைமாறுகின்றன. இந்நூல்வகையை ஆராய ஹவுராவைவிடத் தகுந்த களம் இந்தியாவில் இல்லை எனத் துணிந்து கூறலாம். ஹவுராவிலிருந்து பர்தமான் செல்லும் ரயில் பாதையில், உத்தர்பாராவை அடுத்து, ‘ஹிந்த் மோட்டார்’ என்ற பெயரிலேயே ஒரு நிலையம் உண்டு. அங்கிருந்த ஹிந்துஸ்தான் மோட்டார்ஸ் தொழிற்சாலையில்தான் 1950களின் இறுதி முதல் 2014 மே மாதம் வரை அம்பாசிடர் உருவாகி வந்தது. ஆயினும் அந்தக் காரைத் தாமே பழுதுபார்க்க விரும்பி நூல் தேடிப் புறப்படுபவருக்கு, அது பிறந்த இடத்துக்கு இவ்வளவு அருகில் குடியிருப்பதால் விளையும் நன்மை யாதொன்றும் இல்லை.

அம்பாசிடர் அறிவு அங்கே ஏட்டில் தங்காமல் கையில் தங்கியதே இதற்குக் காரணமாகும். பெலிலியஸ் சாலைப் பக்கத்து லேத் பட்டறைகளையும், சாலையோர மரத்தடியில் ஜாக்கியும் நான்கு ஸ்பேனரும் பரப்பி அமரும் மிஸ்திரிகளையும் கொண்ட ஊரில், நூலைப் புரட்டும் மெக்கானிக் தொழில் தெரியாதவராகவே கருதப்படுவார். சான்றாக, டிஸ்ட்ரிபியூட்டரில் உள்ள ‘பாயிண்ட்’ எனப்படும் தொடுமுனைகளின் இடைவெளியைக் கருதலாம். (அந்த டிஸ்ட்ரிபியூட்டர் சென்னைப் பாடியின் லூகாஸ் டிவிஎஸ் தயாரிப்பு என்பதைத் தமிழ் ஆய்வாளர் குறிப்பிடாமல் கடத்தல் இயலாது.) இவ்விடைவெளி 0.014 முதல் 0.016 அங்குலம் வரை இருக்க வேண்டும் என்றும், அதை ஃபீலர் கேஜ் என்னும் மெல்லிய தகட்டுக் கருவியால் அளக்க வேண்டும் என்றும் நூல் விதிக்கிறது. மிஸ்திரியோ வாடிக்கையாளரிடம் ஒரு விசிட்டிங் கார்டைக் கேட்டு வாங்கி, முனைகளுக்கிடையே செருகி, அது சற்றே பிடித்தவாறு வெளிவந்ததும் திருகை இறுக்கிவிடுகிறார். நல்ல கனமான விசிட்டிங் கார்டின் தடிமனும் ஏறத்தாழ அந்த அளவே ஆகையால், நூலின் ஓர் அதிகாரம் முழுவதும் அட்டைத் துண்டொன்றில் அடங்கிவிடுகிறது.

இனி நூல்வகை. நன்னூலார் நூல்களை முதல்நூல், வழிநூல், சார்புநூல் என மூன்றாகப் பகுத்தார். அவர் கார்புரேட்டரைக் கண்டவரல்லர் எனினும் அப்பகுப்பு இங்கே பழுதின்றிப் பொருந்துகிறது. அம்பாசிடர், இங்கிலாந்தின் கௌலியில் உருவான மோரிஸ் ஆக்ஸ்ஃபோர்டு மூன்றாம் வரிசையின் வழிவந்தது. ஆதலால் அந்த மோரிஸ் வண்டியின் பழுதுநூலே முதல்நூல். ஹிந்துஸ்தான் மோட்டார்ஸ் தன் வண்டிக்கென வெளியிட்டது வழிநூல். இவ்விரண்டுக்கும் இடையிலான பாடபேதங்களைச் சுவடிப் பதிப்பாசிரியருக்குரிய அச்சத்தோடு அணுக வேண்டும். மோரிஸில் பேட்டரியின் பாசிட்டிவ் முனை வண்டியின் உடலோடு இணைந்திருக்கும். பிற்கால அம்பாசிடர்களில் நெகட்டிவ் முனை அவ்வாறு இணைந்திருக்கும். முதல்நூலே முற்ற முடிந்த பிரமாணம் எனக் கொண்டு பேட்டரியை மாட்டுபவர், ஆல்டர்னேட்டரின் டயோடுகள் கருகும் வாசனையில் தம் பதிப்புப் பிழையை அறிவார். ஸ்பேனர் வழக்கிலும் இத்தகைய சிக்கல் உண்டு. அரை அங்குல நட்டின் தலை 12.7 மில்லிமீட்டர் ஆகையால் 13ஆம் எண் ஸ்பேனர் ஒருவாறு பொருந்தும். 9/16 அங்குலம் 14.29 மில்லிமீட்டர் ஆகையால் 14ஆம் எண் ஸ்பேனர் அதன்மீது ஏறவே ஏறாது. நூலோ அங்குலம் பேசுகிறது. கடையில் விற்கும் ஸ்பேனர் செட் மில்லிமீட்டர் பேசுகிறது.

பிரதி தேடுவோர் பெரும்பாலும் பாலத்தைக் கடந்து, பழம்புத்தகங்களுக்குக் காலேஜ் ஸ்ட்ரீட்டுக்கும், பழம்பாகங்களுக்கு மல்லிக் பஜாருக்கும் செல்கின்றனர். (சென்னையில் மூர் மார்க்கெட்டும் புதுப்பேட்டையும் இவ்வாறே பணியைப் பகிர்ந்திருந்தன; முன்னது 1985இல் தீக்கிரையானது.) கிடைக்கும் பிரதியின் தகுதியை மதிப்பிட எண்ணெய்க் கறையே நம்பகமான அளவுகோல். கறை படியாத பிரதி எவரும் பயன்படுத்தாதது, ஒருவேளை பயன்படாதது. கிளட்ச் இயலில் மட்டும் பெருவிரல் ரேகைகள் படிந்திருப்பின், முந்தைய உடைமையாளரின் இல்லறம் எவ்வாறு கழிந்தது என்பதை ஊகிக்கலாம். கறை முற்றிய பக்கத்தில் எழுத்தே தெரியாதாகலின், மிகத் தேவையான பக்கமே மிகக் குறைவாகப் படிக்கத்தக்கது என்பது பெறப்படும்.

எஞ்சியிருப்பது சார்புநூல், இவ்வாராய்ச்சியின் மிக இனிய பகுதியும் இதுவே. சார்புநூலாவது, வேறொரு வண்டிக்கு எழுதப்பட்டுச் சில இயல்களில் மட்டும் நம் வண்டிக்குப் பொருந்துவது. அம்பாசிடரின் 1489 சிசி பெட்ரோல் எஞ்சின், பிரிட்டிஷ் மோட்டார் கார்ப்பரேஷனின் ‘பி’ வரிசையைச் சேர்ந்தது. எம்ஜிஏ என்னும் இரண்டு இருக்கை விளையாட்டுக் காரும் 1955இல் அதே கொள்ளளவுள்ள எஞ்சினோடுதான் வெளிவந்தது. எம்ஜி கார்களை வளர்ப்போர் நூல்களால் சூழப்பட்டவர்கள். ஆகவே ஆறு பேரும் அரிசி மூட்டையும் ஏற்றிச் செல்லும் வண்டியின் வால்வை, காதலர் இருவருக்கென எழுதப்பட்ட நூலைக் கொண்டு சரிசெய்யலாம்.

டீசல் அம்பாசிடர் இதனினும் விந்தையான சார்புடையது. மஞ்சள் டாக்ஸிகளில் நெடுங்காலம் ஓடிய ‘பி’ வரிசை டீசல் எஞ்சின், இங்கிலாந்தில் படகுகளுக்கெனவும் மாற்றியமைக்கப்பட்டு, கால்வாய்களில் ஊரும் குறும்படகுகள் பலவற்றை இன்றும் செலுத்திவருகிறது. அப்படகுக்காரர்கள் அதன் நூல்களைப் போற்றிப் பாதுகாக்கின்றனர். எனவே ஹவுரா டாக்ஸிக்காரர் தேட வேண்டியது படகு நூலையே. இன்ஜெக்டர், ஹெட் கேஸ்கட், டைமிங் செயின் ஆகிய இயல்கள் பெரும்பாலும் அவருக்கும் உதவும். வெளி நீரை உள்ளிழுத்து எஞ்சினைக் குளிர்விக்கும் முறை பற்றிய இயல் மட்டும் தொடர்பற்றது எனத் தள்ளத் தோன்றும். ஆனால் ஆகஸ்ட் மாதத்து மழையில் ஹவுராவின் தெருக்களில் வண்டியோட்டிய எவரும் அவ்வியலைக் கிழித்தெறிய உடன்படமாட்டார்.