டைட்டில்ல பேர் போடுறோம்

புதுச்சேரி லாஸ்பேட்டையில் 'குறும்படத்துக்கு இசையமைக்கிறேன்' என்றால் அடுத்த கேள்வி, 'சரி, வேலை என்ன?' இயக்குநரிடம் சம்பளம் கேட்டாலோ, 'டைட்டில்ல பேர் போடுறோம் ப்ரோ.' பேருக்கு அரைக் கிலோ துவரம்பருப்பு கிடைக்குமா என்று மளிகைக் கடையில் விசாரித்தேன். அண்ணாச்சியும் பேர் போட்டார், கடன் நோட்டில்.

மனம் தளரும்போது மைக்கேல் டானாவை நினைத்துக்கொள்வேன். கனடாக்காரர். 1987இல் இயக்குநர் ஆட்டம் எகோயனின் சின்ன பட்ஜெட் படத்தில் தொடங்கி, டொரன்டோவில் ஒரு கோளரங்கத்துக்குக்கூட இசையமைத்தவர். புதுச்சேரிக் கதையான 'லைஃப் ஆஃப் பை'க்கு ஆஸ்கர் வாங்கியது 2013இல். நடுவில் 26 வருஷம். அண்ணாச்சி அவ்வளவு நாள் பொறுப்பாரா தெரியவில்லை. அதே படத்தில் பாம்பே ஜெயஸ்ரீ எழுதிப் பாடிய தமிழ்த் தாலாட்டும் பரிந்துரைப் பட்டியலுக்குப் போனது. பரிசு அடெலுக்கு.

2012இல் திருத்திய பதிப்புரிமைச் சட்டப்படி, திரையரங்குக்கு வெளியே பாட்டு ஓடினால் ராயல்டியில் இசையமைப்பாளருக்குச் சம பங்கு. விட்டுக்கொடுத்து எழுதினாலும் செல்லாது. இயக்குநரிடம் சொன்னேன். 'பாதி உனக்குத்தான் ப்ரோ' என்று உடனே ஒப்புக்கொண்டார். படம் யூடியூபில் இருக்கிறது. இதுவரை 118 பார்வைகள். அதில் நாற்பது என் அம்மா.