வரவு எங்கே தம்பி?

சென்னை உயர் நீதிமன்றத்துக்கு எதிர்ப்பக்கம், தம்பு செட்டித் தெருவில் ஏதாவது ஒரு மாடிப்படி ஏறுங்கள். சீனியர் வக்கீல் ஒருவர் நிச்சயம் அகப்படுவார். நாற்காலிக்குப் பின்னால் 1914-லிருந்து ஏ.ஐ.ஆர். தீர்ப்புத் தொகுதிகள் கூரை வரை நிற்கும். பாதியை அவர் பிரித்ததே இல்லை. பைண்டிங் கூலி, கரையான் மருந்து, அந்தச் சுவருக்கான வாடகை எதற்கும் அவர் இதுவரை கணக்குக் கேட்டதில்லை. உள்ளே நுழையும் கட்சிக்காரர் அலமாரியை அண்ணாந்து பார்ப்பார். பீஸ் அங்கேயே பாதி படிந்துவிடும்.

தீர்ப்பு தேடும் மென்பொருளுக்குச் சந்தா கட்டிய அன்றுதான் அவருக்குள் ஓர் ஆடிட்டர் கண்விழிக்கிறார். வக்கீல் டைரியின் கடைசிப் பக்கத்தில் நடுவே ஒரு கோடு. இந்தப் பக்கம் செலவு, அந்தப் பக்கம் வரவு.

"தம்பி, ஒரு தீர்ப்பு தேட முன்னே எவ்வளவு நேரம் ஆச்சு?"

"மூணு மணி நேரம் சார்."

"இப்போ?"

"பத்து நிமிஷம் சார்."

"அப்போ ரெண்டு மணி ஐம்பது நிமிஷம் மிச்சம். அது எங்கே?"

ஜூனியர் திருதிருவென விழிக்கிறான். அது கோர்ட் வராந்தாவில், கேஸை எப்போது கூப்பிடுவார்கள் என்று நின்றதிலேயே கரைந்துவிட்டது. அங்கே சாப்பிட்ட டீயும் வடையும் வேறு செலவுப் பக்கம் ஏறின.

அவர் கேட்பதிலும் நியாயம் இருக்கிறது. மணிக்கு இவ்வளவு என்று பில் போடும் அமெரிக்க வக்கீலுக்கு நேரம் மிச்சமானால் பில்தான் இளைக்கும். நம்மவர் பேசுவது கேஸுக்கு இவ்வளவு என்று. ஆகவே மிச்சம் லாபம்தான். ஆனால் மிச்சமான நேரத்தில் பார்க்க இன்னொரு கேஸ் கட்டு வந்து சேர வேண்டுமே!

ஜூனியர் சமாளித்தான்: "கோர்ட்டுகளைக் கம்ப்யூட்டர்மயமாக்கற ஈ-கோர்ட்ஸ் திட்டத்தோட மூணாம் கட்டத்துக்கு 2023-ல மத்திய அரசே 7,210 கோடி ஒதுக்கிச்சு சார்."

"அது என்னைக் கேக்காம எடுத்த பணம்பா. இது நான் கையெழுத்துப் போடற செக்."

அதே 2023-ல் நியூயார்க்கில், சாட்ஜிபிடி கற்பனையாக உண்டாக்கிய தீர்ப்புகளைத் தாக்கல் செய்த வக்கீல்களுக்கு 5,000 டாலர் அபராதம் விழுந்தது. செய்தியைப் படித்த சீனியர், தனக்குச் சம்பந்தமே இல்லாத அந்தத் தொகையையும் செலவுப் பக்கத்தில் குறித்துக்கொண்டார். முன்னெச்சரிக்கையாம்.

உண்மையில் அவருக்கு லாபம் தந்தது ஓசியில் வந்த சமாச்சாரம். எந்தக் கோர்ட்டில் எத்தனையாவது கேஸ் ஓடுகிறது என்பதைப் போனிலேயே காட்டும் பலகை வந்தபின், ஆள் இல்லை என்று அவர் கேஸ் எதுவும் தள்ளுபடியாகவில்லை. காசு கொடுக்காததால் அது டைரியில் ஏறவேயில்லை.

வருஷக் கடைசியில் வரவுப் பக்கம் வெள்ளையாகவே இருந்தது. ஜூனியர் மெல்லக் கேட்டான்: "சந்தாவை நிறுத்திடலாமா சார்?"

"நிறுத்தறதா? எதிர்த்தரப்பு வக்கீல் வெச்சிருக்காரே!"