இளையராஜாவா, இன்கமிங்கா?

என் போஸ்ட்பெய்டு கணக்கில் இரண்டாவது சிம் சேர்க்க வேண்டும் என்பது மாமனாரின் யோசனை. 2018 பிப்ரவரியில் ஒரு கம்பெனி தமிழ்நாட்டில் திடீரென்று படுத்துக்கொண்டதும், ஊரே 1900-க்கு போர்ட் மெசேஜ் அனுப்பத் துடித்ததும், அனுப்பவே டவர் கிடைக்காமல் மொட்டைமாடிக்கு ஓடியதும் பலருக்கு ஞாபகம் இருக்கும். அன்றிலிருந்து ஒற்றை சிம்காரனை அவர், மாற்று வேட்டி இல்லாமல் வெளியூர்க் கல்யாணத்துக்குக் கிளம்புகிறவனைப் போலத்தான் பார்க்கிறார்.

கடைத் தம்பி ஆதார் எண்ணை வாங்கிக்கொண்டு போனை என் முகத்துக்கு நேராகப் பிடித்தான். “வட்டத்துக்குள்ள பாருங்க சார். கண்ணைச் சிமிட்டுங்க.” கல்யாண ஆல்பம் முழுக்கக் கண்ணை மூடிக்கொண்டிருப்பவன் நான். கேட்டுக்கொண்டபோது வர மறுத்தது. “ஒண்ணு மட்டும் சிமிட்டறீங்க சார், ரெண்டையும் சிமிட்டுங்க” என்றான். பின்னால் நின்ற பெண்மணி ஓரடி தள்ளி நின்றுகொண்டார்.

அதன்பிறகுதான் சோதனை. குண்டூசி போன்ற ஒன்றால் குத்தி டிரேயை வெளியே இழுத்தவன், “ஹைப்ரிட் ஸ்லாட் சார். ரெண்டாவது சிம் போட்டா மெமரி கார்டு கிடையாது” என்றான். அந்த கார்டில்தான் எண்பதுகளின் இளையராஜா மொத்தமும் இருக்கிறார். இளையராஜாவா, இன்கமிங்கா? மாமனார் பக்கத்திலேயே நின்றதால் இன்கமிங் ஜெயித்தது. ராஜாவை ஒரு சின்ன பிளாஸ்டிக் கவரில் போட்டுக் கையில் கொடுத்தான்.

சிம்முக்கு இடம் இரண்டு இருந்தாலும், என் போன் போன்றவற்றில் பேசுவதற்கு உள்ளே இருக்கும் ரேடியோ ஒன்றுதான். ஒரு சிம்மில் பேச்சு நடந்தால் மற்றது செத்த மாதிரி. இது எல்லோருக்கும் தெரிந்திருந்தால் குடும்பங்களில் பாதிச் சண்டை குறைந்திருக்கும். மானேஜரோடு முதல் நம்பரில் மல்லுக்கட்டிக்கொண்டிருந்தேன். என் மனைவி அடுக்களையிலிருந்து இரண்டாவது நம்பருக்கு அடித்திருக்கிறாள். நான் தொடர்பு எல்லைக்கு அப்பால் இருப்பதாக அந்தப் பெண்குரல் சொல்லியிருக்கிறது.

“ஹால்ல உக்காந்துகிட்டு என்ன எல்லைக்கு அப்பால்?”

“டூயல் சிம் டூயல் ஸ்டாண்ட்பைன்னு பேரு இதுக்கு...”

“ஸ்டாண்ட்பைல நிக்கறது நான்தானா?”

இதற்கு எந்தக் கஸ்டமர் கேரிலும் பதில் கிடையாது.

முதல் மாதப் பில் வந்தது. பிளானில் டேட்டா இரண்டு சிம்முக்கும் பொது. பில் மட்டும் என் சொந்தச் சொத்து. இரண்டாவது நம்பருக்கு அந்த மாதம் வந்தவை லோன் வேண்டுமா என்று கேட்ட அழைப்புகளும், யாரோ முன்பு வைத்திருந்த நம்பர் போலிருக்கிறது, அவரைத் தேடிய ஒரு சீட்டுக்கம்பெனியும்தான். அந்த மனிதர் ஏன் நம்பரை விட்டார் என்று புரிந்தது.

ரத்து செய்துவிடலாம் என்று பேச்செடுத்தேன். மாமனார் செய்தித்தாளை மடித்துவைத்தார். “ஒருத்தர் பேர்ல ஒம்பது சிம் வரைக்கும் வாங்கலாமாம் மாப்ளே. உங்க பேர்ல இன்னும் ஏழு சும்மா கிடக்கு.” சின்ன மச்சானுக்கு ஒன்று, சித்தப்பாவுக்கு ஒன்று என்று விரல்விட ஆரம்பித்துவிட்டார்.

அசாமிலும் வடகிழக்கிலும் ஜம்மு காஷ்மீரிலும் ஆறுதான் என்று சொல்லிப்பார்த்தேன்.

“நாம இருக்கது திருநெல்வேலில்லா” என்றார்.