உளி ஆகாது, பாட்டில் ஆகும்

துடுப்புப் போட்டியில செயிக்கணுமாலே பேராண்டி? செயி, யாரு வேண்டாங்கா? ஆனா மொதல்ல தச்சு வேலைய விட்டுரு. உளி புடிச்ச கைய தொரைமாருக்குப் புடிக்காது.

ஆஸ்திரேலியாவுல சிட்னிக்காரன், பாபி பியர்ஸுன்னு ஒருத்தன். தொழிலு தச்சு. 1928ல ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக்ல, ஒத்த ஆளு ஓட்டுத படகுல எறங்குனான். சின்னக் கால்வா, ஒரு தடவைக்கு ரெண்டு படகுதான் போகும். கால் இறுதியில கூட ஓட்டுனவன் பிரெஞ்சுக்காரன். துடுப்புக்காரன் போற தெசைக்கு முதுகக் காட்டித்தானலே உக்காந்திருப்பான்? கரையில நின்ன சனம் கைய நீட்டிக் கூப்பாடு போட, என்னன்னு திரும்பிப் பாக்கான்: ஒரு வாத்துக் குடும்பம், ஒண்ணு பின்னால ஒண்ணா, அவன் படகுக்குக் குறுக்க அசைஞ்சு அசைஞ்சு போகுது.

நீயா இருந்தா மசாலா அரைக்கச் சொல்லியிருப்ப. அவன் துடுப்ப நிப்பாட்டிட்டு, அதுக கடந்து போற வரைக்கும் பொறுத்தான். பிரெஞ்சுக்காரன் அங்கிட்டு முந்திட்டான். பெறவு பியர்ஸு ஒரு இழுப்பு இழுத்தான் பாரு, அந்தப் பந்தயமும் அவனுக்குத்தான், கடைசியில தங்கமும் அவனுக்குத்தான்.

வாத்து வழி கேட்டா விடலாம். தொரைமாருட்ட வழி கேட்டான், கத கந்தலாயிட்டு. இங்கிலாந்துல ஹென்லின்னு ஒரு ஊரு, தேம்ஸ் ஆத்துல பந்தயம் விடுவாக. 'டைமண்ட் ஸ்கல்ஸ்' பந்தயத்துல சேத்துக்கிடுங்கன்னான். கைத்தொழில் செய்யுதவனுக்கு எடமில்லன்னுட்டாக. மரம் இழைச்சு இழைச்சு அவன் புஜம் ஏறிட்டா, பாவம், வேலையே பாக்காத பிள்ளைக என்ன செய்யும்! 1920ல ஜாக் கெல்லிங்க அமெரிக்கக் கொத்தனாரையும் இப்படித்தான் திருப்பி அனுப்புனாக. அவன் அதே வருசம் ஒலிம்பிக்ல, அந்த டைமண்ட் செயிச்ச ஆளையே தோக்கடிச்சுத் தங்கம் வாங்குனான்.

பஞ்ச காலம் வந்துச்சு. ஒலிம்பிக் வீரன் பழைய காயிதம் பொறுக்கினான். 1930ல பந்தயத்துக்குன்னு கனடா போன எடத்துல, விஸ்கி கம்பெனி ஒண்ணுல சரக்கு விக்குத வேலை கெடச்சுது. பாத்தியா வித்தைய! உளிய வச்சுட்டு பாட்டிலத் தூக்கவும் ஹென்லிக் கதவு தொறந்துட்டு. அதே தோளு, அதே கையிதான். 1931ல டைமண்டும் செயிச்சான், 1932ல லாஸ் ஏஞ்சல்ஸ்ல மறு தங்கமும் செயிச்சான்.

1937ல அந்தச் சட்டத்தத் தூக்கிப் போட்டாக. அவன் அதுக்குள்ள துட்டுக்கு ஓட்டுத பந்தயத்துல உலகப் பட்டம் வாங்கிட்டானா, ஹென்லிக்கு மறுபடியும் ஆகாதவனாயிட்டான்.